விதியிலிருந்து தடுப்புக்கு: காயத்தடுப்பு பொதுச் சுகாதாரப் பொருளான வரலாறு – வானகரத்தை முன்வைத்து

ஆய்வுச் சுருக்கம்

சாலை, தொழிற்கூடம், கட்டுமானக் களம் ஆகிய இடங்களில் நேரும் காயங்கள் நீண்ட காலம் விதியின் விளைவாகவோ தனிமனிதரின் குற்றமாகவோ மட்டுமே கருதப்பட்டன. அவற்றை நோய்களைப் போலவே ஆராய்ந்து தடுக்க இயலும் என்னும் கருத்து இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில்தான் உருப்பெற்றது. அக்கருத்து தமிழகத்தின் சட்டங்களிலும் நீதிமன்றத் தீர்ப்புகளிலும் மருத்துவத் திட்டங்களிலும் எவ்வாறு இடம்பெற்றது என்பதை இக்கட்டுரை வரலாற்று நோக்கில் ஆராய்கிறது. சென்னையின் மேற்குப் புறநகரான வானகரம் களச்சான்றாகக் கொள்ளப்படுகிறது. காயமுற்றோரைக் காப்பாற்றுவதில் தமிழகம் பெற்ற முன்னேற்றம் காயம் நேராமல் தடுப்பதில் பெறப்படவில்லை என்பதும், காய மரணத்தைக் குற்ற விசாரணைக்கு மட்டும் உரியதாக வைத்திருப்பது இதற்கு முதன்மைக் காரணம் என்பதும் இக்கட்டுரையின் முடிபுகள் ஆகும்.

திறவுச்சொற்கள்: காயத்தடுப்பு, பொதுச் சுகாதாரம், வானகரம், சாலைப் பாதுகாப்பு, தொழிற்சாலைச் சட்டம், ஹேடன் கட்டம், மரணத் தணிக்கை.

முன்னுரை

சென்னையிலிருந்து மேற்கே செல்லும் பூந்தமல்லி நெடுஞ்சாலையில், மதுரவாயலுக்கும் வேலப்பன்சாவடிக்கும் இடையே வானகரம் அமைந்துள்ளது. கூவம் ஆற்றையொட்டிய இவ்வூர் இன்று சென்னை – பெங்களூரு தேசிய நெடுஞ்சாலையின் மீது உள்ளது. பெருங்களத்தூரையும் புழலையும் இணைக்கும் சென்னைப் புறவழிச்சாலை இதன் கிழக்கெல்லையையொட்டிய மதுரவாயலில் அந்நெடுஞ்சாலையைக் கடக்கிறது. அப்புறவழிச்சாலையின் சுங்கச்சாவடிகளுள் ஒன்று வானகரத்தின் பெயரையே தாங்கியது. வடக்கே அம்பத்தூர்த் தொழிற்பேட்டைக்கும் தெற்கே போரூருக்கும் செல்லும் போக்குவரத்து இங்குச் சந்திக்கிறது. சரக்கு லாரி, அரசுப் பேருந்து, ஆலைப் பேருந்து, இருசக்கர வாகனம், சாலையைக் கடக்கும் பாதசாரி ஆகிய அனைவரும் ஒரே இடத்தைப் பகிர்ந்துகொள்கின்றனர்.

சில கிலோமீட்டர் தொலைவில் பூந்தமல்லியில் தமிழக அரசின் பொதுச் சுகாதார நிறுவனம் இயங்குகிறது. சுகாதாரப் பணியாளர்கள் தொற்றுநோய்த் தடுப்பிலும் தாய்சேய் நலத்திலும் பயிற்சி பெறும் இடம் அது. அந்நிறுவனத்திற்கு மிக அருகிலுள்ள நெடுஞ்சாலையில் ஏற்படும் காயங்கள் எந்தத் துறையின் பொருள் என்னும் வினாவுக்கு, காவல்துறை, நெடுஞ்சாலைத்துறை, போக்குவரத்துத்துறை என்ற விடைகளே முதலில் எழுகின்றன. சுகாதாரத்துறையின் பெயர் இறுதியில்தான் வருகிறது. அதுவும் சிகிச்சை அளிக்கும் துறையாக. இந்த வரிசை எவ்வாறு உருவாயிற்று என்பதே இக்கட்டுரையின் ஆய்வுப்பொருள்.

1. விபத்து, ஊறு, குற்றம்: சொல்லும் நோக்கும்

தமிழில் இன்று பெருவழக்காக உள்ள ‘விபத்து’ என்னும் சொல் வடமொழி வழி வந்தது. பேரிடர், அழிவு என்பன அதன் மூலப்பொருள். எதிர்பாராது நேர்வது, மனித முயற்சிக்கு அப்பாற்பட்டது என்னும் குறிப்பு அச்சொல்லுடன் ஒட்டியே வருகிறது. உடலுக்கு நேரும் கேட்டைக் குறிக்கப் பழந்தமிழில் ‘ஊறு’ என்னும் சொல் உண்டு. ‘விபத்து’ நிகழ்ச்சியைச் சுட்டுகிறது. ‘ஊறு’, ‘காயம்’ ஆகியன அந்நிகழ்ச்சி உடலில் விளைவிப்பதைச் சுட்டுகின்றன. இவ்வேறுபாடு சொல்லாராய்ச்சியோடு முடிவதன்று. நிகழ்ச்சியைத் தவிர்க்க இயலாத இடத்தும் உடலுக்கு நேரும் ஊற்றைத் தவிர்க்கவோ குறைக்கவோ இயலும் என்பதே காயத்தடுப்பின் அடிப்படை. பிரித்தானிய மருத்துவ இதழ் 2001ஆம் ஆண்டில் ‘விபத்து’ எனப் பொருள்படும் ஆங்கிலச் சொல்லைத் தன் பக்கங்களில் தவிர்ப்பதாக அறிவித்தமையும் இக்காரணம் பற்றியே.

எதிர்பாராமல் நேர்ந்த மரணங்களைத் தமிழ்ச் சமூகம் எவ்வாறு எதிர்கொண்டது என்பதற்குச் சோழர்காலக் கல்வெட்டுகளில் சான்றுகள் உள்ளன. வேட்டையின்போது குறி தவறிய அம்பு ஒருவரைக் கொன்றது போன்ற நிகழ்வுகளில், கொல்லும் எண்ணம் இல்லை என்பதை நாட்டாரும் பிறரும் ஆராய்ந்து, குற்றவாளிக்கு மரணதண்டனை விதிக்காது, கோயிலில் விளக்கெரிக்க ஆடுகளை அளிக்குமாறு பணித்த செய்திகளை அவை தருகின்றன. எண்ணத்தோடு செய்த கொலையையும் எண்ணமின்றி நேர்ந்த இறப்பையும் பிரித்தறிந்த நீதியுணர்வு இதில் புலனாகிறது. ஆயினும் அத்தீர்வு கழுவாய் என்ற அளவில் நின்றது. அடுத்த அம்பு அடுத்தவர்மேல் படாதிருக்க என்ன செய்வது என்னும் வினா அங்கு எழவில்லை.

ஆங்கிலேயர் ஆட்சியில் இயற்றப்பட்ட இந்தியத் தண்டனைச் சட்டத்தில் 1870ஆம் ஆண்டு 304அ என்னும் பிரிவு சேர்க்கப்பட்டது. எண்ணமின்றி, முரட்டுத்தனமான அல்லது கவனக்குறைவான செயலால் மரணம் விளைவித்தலை அது குற்றமாக்கியது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 106ஆம் பிரிவு அதன் தொடர்ச்சியாகும். தமிழகக் காவல் ஆவணங்களிலும் நாளிதழ்களிலும் நிலைபெற்றுவிட்ட ‘அதிவேகமாகவும் அஜாக்கிரதையாகவும்’ என்னும் தொடர் இப்பிரிவின் மொழியிலிருந்து பிறந்தது. ஒரு மரணத்தின் காரணத்தை ஓட்டுநர் ஒருவரின் மனநிலையில் மட்டும் தேடும் வழக்கத்தை அத்தொடர் உறுதிப்படுத்தியது. சாலையின் வளைவு, விளக்கின்மை, லாரியின் பின்புறத் தடுப்பு, தலைக்கவசத்தின் தரம் ஆகியவற்றுக்கு அத்தொடரில் இடமில்லை.

விதி என்பதும் குற்றம் என்பதும் ஒன்றுக்கொன்று மாறானவை போலத் தோன்றினும் ஒரு நிலையில் ஒன்றுபடுகின்றன. இரண்டும் நடந்து முடிந்ததை விளக்குவன. இனி நடக்கவிருப்பதைப் பற்றி இரண்டும் பேசுவதில்லை.

2. பொதுச் சுகாதாரச் சட்டமும் தொழிற்சாலைச் சட்டமும்

சென்னை மாகாணம் 1939ஆம் ஆண்டில் இயற்றிய பொதுச் சுகாதாரச் சட்டம் இந்தியாவில் இத்துறையில் முன்னோடியானது. குடிநீர், கழிவுநீர், தொற்றுநோய், கொசு ஒழிப்பு, தாய்சேய் நலம், உணவுக் கட்டுப்பாடு, திருவிழாச் சுகாதாரம் எனப் பல பொருள்கள் அதில் தனித்தனி இயல்களாக அமைந்தன. காலராவும் பெரியம்மையும் மலேரியாவும் பேருயிர்ச்சேதம் விளைவித்த காலத்தில் எழுந்த சட்டமாதலின் அதன் கவனம் கிருமிகளின்மீது குவிந்தது இயல்பே. காயத்தடுப்புக்கு அதில் தனி இயல் இல்லை. அதே 1939ஆம் ஆண்டில் மோட்டார் வாகனச் சட்டமும் இயற்றப்பட்டது. அது போக்குவரத்துக்கு உரியதாகக் கொள்ளப்பட்டதேயன்றி உடல்நலத்துக்கு உரியதாகக் கொள்ளப்படவில்லை. இவ்விரு சட்டங்களும் ஒரே ஆண்டில் பிறந்து தனித்தனி வழிகளில் சென்றமை பிற்காலத் துறைப்பிரிவினைக்கு முன்னறிகுறியாக அமைந்தது.

காயத்தைத் தடுக்கத்தக்கதாக முதலில் கருதியது தொழிற்சாலைச் சட்டமே. 1881ஆம் ஆண்டின் இந்தியத் தொழிற்சாலைச் சட்டம் ஆபத்தான இயந்திரங்களுக்கு வேலியிடுதலையும் விபத்துகளைத் தெரிவித்தலையும் வலியுறுத்தியது. 1923ஆம் ஆண்டின் தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டம், தொழிலாளியின் காயத்திற்கு ஆலை உரிமையாளர் பொறுப்பேற்க வேண்டும் என்னும் கோட்பாட்டை நிறுவியது. 1948ஆம் ஆண்டில் தொழிற்சாலைச் சட்டமும் தொழிலாளர் அரசுக் காப்பீட்டுச் சட்டமும் நிறைவேறின. தொழிற்சாலைச் சட்டத்தின் 21ஆம் பிரிவு இயங்கும் இயந்திரப் பகுதிகளுக்கு உறுதியான காப்பு அமைத்தலைக் கட்டாயமாக்கியது. ‘கவனமாக வேலை செய்’ எனத் தொழிலாளிக்கு அறிவுரை கூறுவதோடு நில்லாமல், ‘கை உள்ளே செல்ல இயலாதவாறு இயந்திரத்தை அமை’ என உரிமையாளருக்கு ஆணையிட்டதே இப்பிரிவின் சிறப்பு.

இச்சட்டத்தின் களமாகச் சென்னையின் மேற்குப் புறநகர் உருவானது. 1949இல் தோன்றிய டியூப் இன்வெஸ்ட்மென்ட்ஸ் நிறுவனத்தின் மிதிவண்டித் தொழிற்சாலை அம்பத்தூரில் அமைந்தது. ஆவடியில் 1960களில் கனரக வாகனத் தொழிற்சாலை உற்பத்தியைத் தொடங்கியது. 1964இல் அம்பத்தூர்த் தொழிற்பேட்டை நிறுவப்பட்டது. வாகன உதிரிபாகங்களை வார்த்தும் வெட்டியும் அழுத்தியும் செய்யும் சிறுபட்டறைகள் அதனைச் சுற்றிப் பெருகின. உலோகத் தகட்டை அழுத்தி வடிவமைக்கும் பவர் பிரஸ் இயந்திரத்தில் விரல்களை இழத்தல் இவ்வகைத் தொழிலின் அறியப்பட்ட காயமாகும். இரு கைகளாலும் ஒருசேரப் பொத்தான்களை அழுத்தினாலன்றி இயங்காத அமைப்பும், கை குறுக்கிட்டால் இயந்திரத்தை நிறுத்தும் ஒளித்திரையும் இக்காயத்தைத் தடுக்கும் வழிகள். இவை நீண்ட காலமாக அறியப்பட்டவையே.

ஆயினும் சட்டத்தின் எல்லையே அதன் குறையாகவும் அமைந்தது. மின்விசையுடன் 10 தொழிலாளர், மின்விசையின்றி 20 தொழிலாளர் என்பது 1948ஆம் ஆண்டுச் சட்டம் தொழிற்சாலைக்கு வகுத்த அளவு. அதனினும் சிறிய பட்டறைகள் பொதுவாக ஆய்வாளரின் பார்வைக்கு வெளியே நின்றன. 88ஆம் பிரிவின்படி மரணத்தையும், 48 மணிநேரம் அல்லது அதற்கு மேல் வேலைக்கு வர இயலாதவாறு செய்யும் காயத்தையுமே தெரிவிக்க வேண்டியிருந்தது. மூன்றாம் நாள் கட்டுடன் வேலைக்குத் திரும்பும் தொழிலாளியின் காயம் கணக்கில் சேராமற் போக வாய்ப்புண்டு. மேலும், ஆலை வாயிலைக் கடந்து நெடுஞ்சாலைக்கு வந்த தொழிலாளி தொழிற்சாலை ஆய்வாளரின் பொறுப்பிலிருந்து நீங்கிவிடுகிறார். இயந்திரத்திற்கு வேலி கேட்ட சட்டச் சிந்தனை சாலைக்கு வரவில்லை.

3. காயத்தின் காரணி: உலக அரங்கில் ஒரு சிந்தனை மாற்றம்

காயத்தை அறிவியல் பொருளாக்கிய முயற்சிகள் 1940களில் தொடங்கின. அமெரிக்கரான ஹியூ டி ஹேவன், உயரத்திலிருந்து விழுந்தும் உயிர்பிழைத்தோரை ஆராய்ந்து 1942இல் ஒரு கட்டுரை வெளியிட்டார். விழும் விசை உடலில் பரவும் முறையே காயத்தின் அளவைத் தீர்மானிக்கிறது என அவர் காட்டினார். 1949இல் ஜான் கார்டன், காயங்களும் நோய்களைப் போலவே காலம், இடம், மக்கட்பிரிவு ஆகியவற்றுக்கேற்ப ஒழுங்குடன் பரவுகின்றன என எடுத்துரைத்தார். நோயாளி, நோய்க்காரணி, சூழல் என்னும் தொற்றுநோயியல் முக்கோணத்தைக் காயத்திற்கும் பொருத்தலாம் என்பது அவர் கருத்து.

காயத்தின் காரணி எது என்னும் வினாவுக்கு 1961இல் உளவியலறிஞர் ஜேம்ஸ் கிப்சன் விடையளித்தார். உடல் தாங்கும் அளவுக்கு மேற்பட்ட ஆற்றல் உடலுக்கு மாறுவதே காயம் என்றார் அவர். இயக்க ஆற்றல், வெப்பம், மின்சாரம், வேதிப்பொருள் ஆகியன அவ்வாற்றலின் வடிவங்கள். மலேரியாவுக்குக் கொசு போலக் காயத்திற்கு வாகனமும் இயந்திரமும் ஆற்றலைக் கொண்டுசெல்லும் ஊர்திகள் ஆகின்றன. இக்கருத்தை வளர்த்தெடுத்த மருத்துவர் வில்லியம் ஹேடன் 1966இல் அமெரிக்க நடுவணரசின் நெடுஞ்சாலைப் பாதுகாப்பு அமைப்புக்குத் தலைமையேற்றார். நிகழ்வுக்கு முன், நிகழ்வின்போது, நிகழ்வுக்குப் பின் என்னும் மூன்று கட்டங்களையும், மனிதர், வாகனம், சூழல் என்னும் மூன்று கூறுகளையும் இணைத்து அவர் அமைத்த ஒன்பது கட்ட அட்டவணை ‘ஹேடன் கட்டம்’ என வழங்கப்படுகிறது. ஓர் ஓட்டுநரின் பிழையை மட்டும் நோக்குவோர் ஒன்பதில் ஒரு கட்டத்தையே பார்க்கின்றனர் என்பதை இவ்வட்டவணை தெளிவாக்கியது.

இச்சிந்தனை பல நாடுகளில் கொள்கையாக மாறியது. ஆஸ்திரேலியாவின் விக்டோரியா மாநிலம் 1970இல் சீட் பெல்ட்டைக் கட்டாயமாக்கியது. சுவீடன் நாடாளுமன்றம் 1997இல், சாலையில் எவரும் உயிரிழக்கவோ கடுங்காயமுறவோ கூடாது என்னும் இலக்கை ஏற்றது. மனிதர் பிழை செய்வர், அப்பிழைக்கு உயிர் விலையாகாதவாறு சாலையை அமைத்தல் வேண்டும் என்பது அதன் அடிப்படை. உலக நலவாழ்வு நிறுவனம் 2004ஆம் ஆண்டின் உலக நலவாழ்வு நாளைச் சாலைப் பாதுகாப்புக்கு உரியதாக்கி, சாலைக் காயத்தடுப்பு பற்றிய உலக அறிக்கையையும் வெளியிட்டது. அந்நிறுவனத்தின் 2023ஆம் ஆண்டு அறிக்கை, 2021இல் உலகில் ஏறத்தாழ 11.9 லட்சம் பேர் சாலையில் உயிரிழந்ததாகவும், 5 முதல் 29 வயதுக்குட்பட்டோரின் மரணக் காரணங்களுள் அதுவே முதலிடம் பெறுவதாகவும் கூறுகிறது.

இந்தியச் சூழலில் இச்சிந்தனையை நிலைநாட்டியவருள் டெல்லி இந்தியத் தொழில்நுட்பக் கழகத்தின் பேராசிரியர் தினேஷ் மோகன் (மறைவு 2021) முதன்மையானவர். கதிரடிக்கும் இயந்திரம், தீவனம் வெட்டும் கருவி ஆகியவற்றால் உழவர் குடும்பங்களுக்கு நேர்ந்த காயங்களையும் அவர் ஆராய்ந்தார். செல்வ நாடுகளின் கார்ப் பயணிகளுக்காக வகுக்கப்பட்ட வழிகள், நடந்து செல்வோரும் இருசக்கர வாகனத்தில் செல்வோரும் மிகுந்த நாட்டுக்கு அப்படியே பொருந்தா என்பது அவர் வலியுறுத்திய கருத்து. நடுவண் சாலைப் போக்குவரத்து அமைச்சகத்தின் கணக்குப்படி 2022இல் இந்தியச் சாலைகளில் இறந்த 1,68,491 பேரில் ஏறத்தாழ 44 விழுக்காட்டினர் இருசக்கர வாகனத்தில் சென்றோர் என்பது அதனை மெய்ப்பிக்கிறது.

4. தமிழகம்: நீதிமன்றம், சட்டம், மருத்துவம்

தமிழகத்தில் காயத்தடுப்பு முதலில் நீதிமன்ற வழியாகவே வலுப்பெற்றது. காயமுற்றவரை எந்த மருத்துவரும் சட்டச் சிக்கலைக் காட்டித் திருப்பி அனுப்பக்கூடாது என உச்ச நீதிமன்றம் பரமானந்த் கட்டாரா வழக்கில் 1989இல் தீர்ப்பளித்தது. அரசு மருத்துவமனை, தனியார் மருத்துவமனை என்னும் வேறுபாடின்றி அத்தீர்ப்பு அனைவரையும் கட்டுப்படுத்தியது. காயமுற்றோருக்கு உதவ முன்வருவோரைக் காவல் விசாரணையின் அலைக்கழிப்பிலிருந்து காக்கும் நெறிகளை அதே நீதிமன்றம் 2016இல் ஏற்றது. 2019ஆம் ஆண்டுத் திருத்தத்தின் மூலம் அது மோட்டார் வாகனச் சட்டத்தின் 134அ பிரிவாயிற்று.

கோயம்புத்தூரைச் சேர்ந்த எலும்பு முறிவு அறுவை மருத்துவர் எஸ். இராஜசேகரன் 2012இல் உச்ச நீதிமன்றத்தில் தொடுத்த பொதுநல வழக்கு இவ்வரலாற்றில் தனியிடம் பெறத்தக்கது. அறுவை அரங்கில் காயங்களைச் சரிசெய்யும் ஒருவர், அக்காயங்கள் ஏன் ஓயாமல் வந்துகொண்டிருக்கின்றன என்னும் வினாவை நாட்டின் உயர்ந்த மன்றத்தில் எழுப்பினார். அவ்வழக்கில் 2014 ஏப்ரலில், ஓய்வுபெற்ற நீதியரசர் கே.எஸ். இராதாகிருஷ்ணன் தலைமையில் சாலைப் பாதுகாப்புக் குழு அமைக்கப்பட்டது. மாநிலங்களின் சாலைப் பாதுகாப்புப் பணிகளை அக்குழு தொடர்ந்து கண்காணித்தது. தமிழகத்தில் எழுந்த மற்றொரு வழக்கில், தேசிய, மாநில நெடுஞ்சாலைகளிலிருந்து 500 மீட்டருக்குள் மது விற்பனையை உச்ச நீதிமன்றம் 2016 டிசம்பர் 15இல் தடைசெய்தது. மக்கள்தொகை குறைந்த ஊர்களுக்கு அத்தொலைவு 2017 மார்ச்சில் 220 மீட்டராகக் குறைக்கப்பட்டது. அதே ஆண்டு ஜூலையில், நகராட்சி எல்லைக்குட்பட்ட கடைகளுக்கு அத்தடை பொருந்தாது என விளக்கப்பட்டது. குடித்த ஓட்டுநரைப் பிடிப்பதோடு அமையாமல், மது கிடைக்கும் சூழலையே மாற்ற முற்பட்டமையால் அத்தீர்ப்பு சுகாதாரச் சிந்தனைக்கு நெருக்கமானது. அதன் வலு படிப்படியாகக் குறைந்தமை, வருவாய்க்கும் உயிர்க்காப்புக்கும் இடையிலான இழுபறியைக் காட்டுகிறது.

தலைக்கவசத்தின் வரலாறும் இத்தகைய ஏற்றத்தாழ்வுடையதே. 1988ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின் 129ஆம் பிரிவு தலைக்கவசத்தை வற்புறுத்திய போதிலும், தமிழகத்தில் அது தொடர்ந்து செயற்படவில்லை. 2007இல் கட்டாயமாக்கப்பட்டுப் பின்னர்த் தளர்ந்தது. சென்னை உயர் நீதிமன்ற உத்தரவையடுத்து, 2015 ஜூலை 1 முதல் பின்னிருக்கையில் அமர்வோருக்கும் கட்டாயமாயிற்று. தலைக்கவசம் மரண வாய்ப்பை ஏறத்தாழ 42 விழுக்காடும் தலைக்காய வாய்ப்பை 69 விழுக்காடும் குறைக்கும் என்பது பல ஆய்வுகளைத் தொகுத்த மதிப்பீடு. விபத்து நேர்ந்தும் ஊறு நேராதிருக்கச் செய்வதற்கு இதனினும் எளிய சான்று வேறில்லை.

மருத்துவத் துறையின் பங்களிப்பு நிகழ்வுக்குப் பிந்திய கட்டத்தில் சிறந்து விளங்குகிறது. 108 அவசர ஊர்திச் சேவை தமிழகத்தில் 2008 செப்டம்பர் 15இல் தொடங்கியது. அதன்பின் உருவான தமிழ்நாடு விபத்து மற்றும் அவசர சிகிச்சை முன்முயற்சி, காயத்தின் கடுமைக்கேற்பச் சிவப்பு, மஞ்சள், பச்சை என நோயாளரைப் பகுத்து முதன்மை அளிக்கும் முறையை அரசு மருத்துவமனைகளில் பரப்பியது. 2021 டிசம்பர் 18இல் மேல்மருவத்தூரில் தொடங்கப்பட்ட ‘இன்னுயிர் காப்போம் – நம்மைக் காக்கும் 48’ திட்டம், காயமுற்றவர் எந்த மாநிலத்தவராயினும் எந்நாட்டவராயினும் முதல் 48 மணிநேரச் சிகிச்சையைக் கட்டணமின்றி வழங்குகிறது. தொடக்கத்தில் 81 சிகிச்சை முறைகளுக்கு ஒருவருக்கு 1 லட்சம் ரூபாய் வரை அரசு ஏற்றது. ‘யார் பணம் கட்டுவார்’ என்னும் கேள்வியில் கழிந்த நேரத்தை உயிர் காக்கும் நேரமாக மாற்றியது இத்திட்டத்தின் பெரும்பயன்.

5. வானகரத்தில் ஒன்பது கட்டங்கள்

மேற்கூறிய வரலாற்றை ஹேடன் கட்டத்தில் வைத்து வானகரத்தை நோக்கினால் சில உண்மைகள் புலனாகின்றன.

நிகழ்வுக்குப் பின் என்னும் கட்டம் இங்கு ஓரளவு நிறைந்துள்ளது. 108 ஊர்தி உண்டு. அம்பத்தூர்ச் சாலையில் பெரிய தனியார் மருத்துவமனை உண்டு. பூந்தமல்லி நெடுஞ்சாலை வழியே சென்னையின் பெரிய அரசு மருத்துவமனைகளை அடையலாம். கட்டணத்திற்கு அரசுத் திட்டம் உண்டு. நிகழ்வின்போது என்னும் கட்டத்தில் தலைக்கவசமும் சீட் பெல்ட்டும் சட்டத்தின் வழி இடம்பெற்றுள்ளன. நிகழ்வுக்கு முன் என்னும் கட்டத்தில், மனிதர் என்னும் கூறு மட்டும் விழிப்புணர்வு வாசகங்களாலும் அபராதத்தாலும் நிரம்பியிருக்கிறது. சூழல் என்னும் கூறே மெலிந்துள்ளது. நெடுந்தொலைவு வேகத்துக்காக அமைக்கப்பட்ட நெடுஞ்சாலை ஊர்நடுவே செல்லும்போது, ஊராரின் நடைவேகமும் லாரியின் வேகமும் ஒரே தளத்தில் மோதுகின்றன. மணிக்கு 30 கிலோமீட்டரில் செல்லும் வாகனம் 60 கிலோமீட்டரை எட்டும்போது அதன் இயக்க ஆற்றல் இருமடங்காவதில்லை, நான்கு மடங்காகிறது. சராசரி வேகம் 1 விழுக்காடு உயர்ந்தால் உயிரிழப்பு மோதல்களின் வாய்ப்பு 4 விழுக்காடு உயரும் என உலக நலவாழ்வு நிறுவனம் கணிக்கிறது. ஆகவே வேகத்தைக் குறைக்கும் சாலையமைப்பு, பாதசாரி ஏறத் தயங்காத நடைமேம்பாலம் அல்லது சுரங்கப்பாதை, அணுகுசாலையில் எதிர்த்திசைப் பயணத்தைத் தேவையற்றதாக்கும் திரும்புமிடங்கள், நிறுத்திய லாரிகளுக்குத் தனியிடம் ஆகியன கொசு ஒழிப்புக்கு நிகரான சுகாதாரப் பணிகளாகும்.

இப்பணிகள் எவருடையவை என்னும் இடத்தில் வானகரத்தின் நிருவாக அமைப்பு குறுக்கிடுகிறது. 2011இல் அம்பத்தூர் நகராட்சியும் மதுரவாயலும் சென்னை மாநகராட்சியுடன் இணைந்தபோது, வானகரம் வில்லிவாக்கம் ஊராட்சி ஒன்றியத்தைச் சேர்ந்த ஊராட்சியாகவே நின்றது. ஊரைக் கிழித்துச் செல்லும் நெடுஞ்சாலையோ தேசிய நெடுஞ்சாலை ஆணையத்திற்கு உரியது. காவல் ஒரு துறை. வாகன உரிமம் ஒரு துறை. தெருவிளக்கு ஓர் அமைப்பு. சிகிச்சை மற்றொரு துறை. ஒரே இடத்தில் மீண்டும் மீண்டும் நேரும் காயங்களை ஒருசேரப் பார்க்கும் கடமை இவற்றுள் எதனுக்கும் முதற்கடமையாக இல்லை. 2020 டிசம்பரில், மதுரவாயல் – வாலாஜாபேட்டைச் சாலையின் சீர்கேட்டைக் கருதிச் சுங்கக் கட்டணத்தில் பாதியையே பெற வேண்டும் எனச் சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. சாலையின் தரக்குறைவை வண்டி உரிமையாளரின் பணஇழப்பாக அளக்கும் வழி சட்டத்தில் கிடைத்தது. அதனை மக்களின் உடல்நல இழப்பாக அளக்கும் வழி இன்னும் நிறுவப்படவில்லை.

சூழலை மாற்றும் ஆற்றல் தமிழக அரசுக்கு இல்லாமலில்லை. 2004 ஜூலை 16இல் கும்பகோணத்தில் பள்ளித் தீயில் 94 குழந்தைகள் மாண்டபின், பள்ளிகளின் கூரைவேய்ந்த மேற்கூரைகள் மாநிலமெங்கும் அகற்றப்பட்டன. தீ பற்றியபோது எப்படி ஓடுவது எனக் குழந்தைகளுக்குக் கற்பிப்பதோடு அரசு நின்றுவிடவில்லை. எரியும் கூரையையே நீக்கியது. ஆனால் அதற்கு 94 உயிர்கள் ஒரே நாளில் போக வேண்டியிருந்தது. 2014 ஜூன் 28இல் வானகரத்துக்குத் தெற்கே மவுலிவாக்கத்தில் கட்டப்பட்டுவந்த பதினொரு மாடிக் கட்டடம் சரிந்து 61 பேர் இறந்தபோதும் விசாரணை ஆணையம் அமைந்தது. எஞ்சிநின்ற இணைக் கட்டடம் 2016 நவம்பரில் இடிக்கப்பட்டது. ஒரே நாளில் பலர் இறந்தால் பேரிடர் எனப்படுகிறது. ஒரே சாலையில் நாளுக்கொருவராக இறந்தால் அது நாளிதழின் ஒரு பத்திச் செய்தியாகிறது. காயத்தடுப்பின் வரலாறு இவ்விரண்டாம் வகை மரணத்தைக் காணக் கற்பதன் வரலாறாகும்.

6. எண்ணிக்கையும் தணிக்கையும்

நடுவண் அமைச்சகத்தின் ஆண்டறிக்கைகளின்படி, தமிழகத்தில் சாலை மரணங்கள் 2016இல் 17,218 ஆக இருந்து 2019இல் 10,525 ஆகக் குறைந்தன. இவ்வீழ்ச்சி நாடெங்கும் முன்மாதிரியாகப் பேசப்பட்டது. ஆனால் 2022ஆம் ஆண்டின் எண்ணிக்கை 17,884. இத்தகைய ஏற்ற இறக்கம் சாலையில் நேர்ந்த மாற்றத்தை மட்டும் காட்டுகிறதா, கணக்கெடுப்பில் நேர்ந்த மாற்றத்தையும் காட்டுகிறதா என்னும் வினா ஆய்வுக்குரியது. ஒரு நோயின் மரண எண்ணிக்கை இவ்வாறு ஏறி இறங்கியிருப்பின், நோய்க் கண்காணிப்புத் துறை அதனை ஆராயாமல் விட்டிராது. சாலை மரணக் கணக்கோ முதல் தகவல் அறிக்கையிலிருந்து பிறக்கிறது. மருத்துவமனைப் பதிவேடும் காவல்துறைப் பதிவேடும் ஒன்றையொன்று சரிபார்க்கும் ஏற்பாடு வலுப்பெறாதவரை எண்ணிக்கையை வெற்றிக்கோ தோல்விக்கோ சான்றாகக் கொள்ளுதல் கடினம்.

இவ்விடத்தில் தமிழகத்தின் சொந்த அனுபவமே வழிகாட்டுகிறது. பேறுகால மரணங்களைத் தணிக்கை செய்யும் முறையைத் தமிழகப் பொதுச் சுகாதாரத் துறை 1990களிலிருந்து வளர்த்தெடுத்தது. ஒரு தாய் இறந்தால், எந்த மருத்துவரைத் தண்டிப்பது என்பது அத்தணிக்கையின் முதல் வினாவன்று. அறிகுறி உணரப்படத் தாமதமாயிற்றா, மருத்துவமனையை அடையத் தாமதமாயிற்றா, சிகிச்சை தொடங்கத் தாமதமாயிற்றா என்பனவே வினாக்கள். விடைகள் குருதி வங்கிகளாகவும் ஊர்திகளாகவும் இருபத்து நான்கு மணிநேரப் பேறுகால மையங்களாகவும் மாறின. 2018–20 காலத்தில் இந்தியாவின் பேறுகால மரண வீதம் ஒரு லட்சம் உயிருள்ள பிறப்புகளுக்கு 97 ஆக இருந்தபோது தமிழகத்தின் வீதம் 54 ஆக இருந்தது.

சாலையில் இறந்த ஒருவர் குறித்து இத்தகைய தணிக்கை நடைபெறுவது அரிது. காவல்துறை குற்றவாளியைத் தேடுகிறது. தீர்ப்பாயம் இழப்பீட்டைக் கணக்கிடுகிறது. மருத்துவர் மரணக் காரணத்தைப் பதிகிறார். மூன்றும் தேவையானவை. எனினும் அதே இடத்தில் அடுத்தவர் இறவாதிருக்க எதை மாற்றுவது என்னும் நான்காம் வினாவைக் கேட்பதற்கு உரியவர் எவருமில்லை. தமிழகம் 2009இல் சாலை விபத்துத் தரவு மேலாண்மை அமைப்பை உருவாக்கி விபத்திடங்களை வரைபடத்தில் குறிக்கத் தொடங்கியது இவ்வினாவை நோக்கிய அடியெடுப்பே. தரவு திரட்டப்பட்டது, அத்தரவைக் கொண்டு சாலையைத் திருத்துமாறு ஆணையிடும் உரிமை சுகாதார அலுவலருக்கு வழங்கப்படவில்லை. 1939ஆம் ஆண்டுச் சட்டம், கொசு வளரும் குட்டையை மூடுமாறு நில உரிமையாளருக்கு ஆணையிடும் உரிமையை அவருக்கு அளித்திருந்தது என்பது ஒப்புநோக்கத் தக்கது.

முடிவுரை

இவ்வாய்வின் வழிப் பின்வரும் முடிபுகள் பெறப்படுகின்றன. எண்ணமின்றி நேர்ந்த மரணத்தைத் தமிழ்ச் சமூகம் பழங்காலந்தொட்டே தனித்து அறிந்திருந்தது. ஆயினும் அதற்கான தீர்வு கழுவாய், தண்டனை, இழப்பீடு என நிகழ்வுக்குப் பின்னரே தேடப்பட்டது. தடுப்புச் சிந்தனை முதலில் தொழிற்சாலைச் சட்டத்தில் வேர்கொண்டது. ஆலை வாயிலுக்கு வெளியே அது பரவவில்லை. பொதுச் சுகாதாரச் சட்டமும் மோட்டார் வாகனச் சட்டமும் ஒரே ஆண்டில் தனித்தனியே பிறந்தமையால், சாலைக் காயம் சுகாதாரத் துறையின் பொறுப்பாக வளரவில்லை. கடந்த இருபது ஆண்டுகளில் மருத்துவ மீட்பில் தமிழகம் பெரிதும் முன்னேறியுள்ளது. சூழலைத் திருத்தும் பணியில் அதற்கிணையான முன்னேற்றம் இல்லை.

‘வருமுன் காப்போம்’ என்னும் பெயரில் 1999இல் தமிழக அரசு தொடங்கிய மருத்துவ முகாம் திட்டம் 2021இல் மீண்டும் உயிர்பெற்றது. சர்க்கரை நோய், இரத்த அழுத்தம், இதயநோய் எனப் பலவற்றுக்கு அப்பெயர் பொருந்துகிறது. பூந்தமல்லியில் பயிற்சி பெறும் சுகாதார அலுவலர், கிணற்று நீரைச் சோதிப்பது போலவே வானகரத்துச் சாலைச் சந்திப்பையும் சோதிக்கும் கடமையும் உரிமையும் பெறும்போது, அத்தொடர் காயங்களுக்கும் பொருந்துவதாகும்.